காஜாங் வாத்தியார் வேலையை விட்டவர்

கிள்ளானில் வீடு, பாங்கியில் படிப்பு. ஞாயிற்றுக்கிழமை மாலை கிள்ளானில் ரயில் ஏறி, கேஎல் சென்ட்ரலில் இறங்கி, நேரம் இருந்தால் பிரிக்பீல்ட்ஸில் ஒரு தோசை சாப்பிட்டுவிட்டு, அடுத்த ரயிலில் காஜாங் பக்கம் போவது என் வாராந்திர வழக்கம். காஜாங் என்றால் எனக்குச் சாத்தே, நெரிசல், மழைக்காலத்தில் வெள்ளம். அதற்கு அடுத்தாற்போல் சுங்கை ராமல் என்று ஒரு பெயர்ப்பலகை வரும். இரண்டு ஆண்டுகளாக அதைக் கடந்து போயிருக்கிறேன். லெப்டினன் அட்னான் பிறந்த ஊர் அதுதான் என்பது சென்ற பருவத்தில்தான் எனக்குத் தெரிய வந்தது.

பெயர் தெரியாமல் இல்லை. வரலாற்று வகுப்பில் கேட்ட பெயர்தான். அட்னான் பின் சைடி, மலாய் ரெஜிமெண்ட், புக்கிட் சண்டு, 1942. தேர்வுக்காக மனப்பாடம் செய்தேன், எழுதினேன், மறந்துவிட்டேன். சென்ற பருவத்தில் இரண்டாம் உலகப் போரில் மலாயாவில் போரிட்ட ஒருவரைப் பற்றிக் கட்டுரை எழுதச் சொன்னார்கள். நான் இந்திய தேசிய ராணுவத்தைத்தான் எடுக்க நினைத்தேன். அதற்குக் காரணம் உண்டு. எங்கள் வீட்டில் போர் என்றால் இரண்டே செய்திகள்தான். ஒன்று, சயாம் மரண ரயில். பாட்டியின் அப்பாவைத் தோட்டத்திலிருந்து ஏற்றிக்கொண்டு போனார்கள், அவர் திரும்பவில்லை. இன்னொன்று, கூடத்துச் சுவரில் மாட்டியிருக்கும் நேதாஜி படம். ஆனால் வகுப்பில் எனக்கு முன்னால் இருந்த மாணவி இந்திய தேசிய ராணுவத்தை எடுத்துக்கொண்டார். எனக்கு மிஞ்சியவர் அட்னான். உண்மையைச் சொன்னால், அரை மனதோடுதான் தொடங்கினேன். வெள்ளைக்காரன் படையில் சேர்ந்து வெள்ளைக்காரனுக்காகச் செத்த ஒருவரைப் பற்றி நான் என்ன எழுதுவது என்ற எண்ணம் எனக்கு இருந்தது.

அட்னான் 1915ஆம் ஆண்டு சுங்கை ராமலில் பிறந்தார். மினாங்கபாவ் வம்சாவளிக் குடும்பம். வீட்டுக்கு மூத்த பிள்ளை. ஆங்கிலவழிப் பள்ளியில் படித்தார், நன்றாகவே படித்தார். படிப்பு முடிந்ததும் பயிற்சி ஆசிரியராக ஓராண்டுக்கு மேல் வேலை பார்த்தார். அந்தக் காலத்தில் ஒரு கம்போங் பையனுக்கு வாத்தியார் வேலை கிடைப்பது சாதாரண விஷயமில்லை. மாதச் சம்பளம், ஊரில் மரியாதை, வீட்டுப் பக்கத்திலேயே வாழ்க்கை. பதினெட்டு வயதில் அதை விட்டுவிட்டுப் படையில் சேர்ந்தார். இதுதான் என்னை முதலில் நிறுத்தி யோசிக்க வைத்தது. ஏனென்றால் அவர் சேர்ந்த படை அப்போது ஒரு படையே இல்லை. அது ஒரு சோதனை.

இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். மலாயாவைக் காக்க வெள்ளையர்கள் நெடுநாள் இந்தியச் சிப்பாய்களைத்தான் நம்பியிருந்தார்கள். மலாய் ஸ்டேட்ஸ் கைட்ஸ் என்ற படையில் பெரும்பாலோர் சீக்கியர்களும் பஞ்சாபியர்களும். அந்தப் படை 1919இல் கலைக்கப்பட்டது. மலாய்க்காரர்களுக்கென ஒரு படை வேண்டும் என்று சுல்தான்கள் பல ஆண்டுகள் கேட்டு வந்தார்கள். மலாய்க்காரர்கள் கட்டுப்பாட்டுக்கு ஒத்துவருவார்களா, இதற்குச் செலவழிக்கலாமா என்று அரசாங்கம் தயங்கியது. கடைசியில் 1933 ஜனவரியில் கூட்டரசு மன்றத்தில் சட்டம் நிறைவேறியது. அதே ஆண்டு மார்ச் 1ஆம் தேதி போர்ட் டிக்சனில் படை தொடங்கியது. ஆயிரம் பேர்போல் விண்ணப்பித்ததில் எடுத்தது 25 பேர். அதற்கு வைத்த பெயரே சோதனை கம்பெனி. மலாய்ப் பையன்கள் ராணுவ வாழ்க்கையைத் தாங்குவார்களா என்று பார்ப்பதற்காக ஒரு கம்பெனி!

பயிற்சி கொடுக்க வந்த மேஜர் புரூஸ் லிங்கன்ஷயர் ரெஜிமெண்ட்டைச் சேர்ந்தவர். பிரிட்டிஷ் காலாட்படையில் இப்படி ஊர்ப்பெயர், நாட்டுப்பெயர் வைப்பது நெடுநாள் பழக்கம். லிங்கன்ஷயர்க்காரர்களுக்கு ஒன்று, ஸ்காட்லாந்துக்காரர்களுக்குச் சில, வேல்ஸ்காரர்களுக்குச் சில. வேல்ஸ் படையினர் அணிவகுப்பில் ஓர் ஆட்டுக்கடாவை முன்னால் நடத்திக்கொண்டு போவார்கள் என்று படித்தபோது சிரிப்பு வந்தது. பிறகு யோசித்தால், அதில் சிரிக்க ஒன்றுமில்லை. ஊர்ப்பெயர், ஊர் அடையாளம், ஊர்ப் பெருமை ஆகியவற்றைக் கொடுத்தால் மனிதன் விட்டுக்கொடுக்காமல் நிற்பான் என்பது அவர்கள் கணக்கு.

இந்த வேல்ஸ் படைகளைப் பற்றித் தேடியபோது நமக்கு நெருக்கமான ஒரு செய்தியும் கிடைத்தது. 1806 ஜூலை 10, வேலூர்ச் சிப்பாய்ப் புரட்சி. அன்று கோட்டைக்குள் இருந்த வெள்ளையர் படை 69ஆம் காலாட்படை. சிப்பாய்களின் தாக்குதலில் அதில் நூறு பேருக்கு மேல் இறந்தார்கள். அந்த 69ஆம் படைதான் 1881இல் 41ஆம் படையோடு இணைக்கப்பட்டு வெல்ச் ரெஜிமெண்ட் ஆனது. வேலூரில் சிப்பாய்கள் கொதித்ததற்கு உடனடிக் காரணம் ஒரு தலைப்பாகை. நெற்றிக்குறி கூடாது, தாடி கூடாது, தோல் பட்டை வைத்த புதுத் தலைப்பாகையைத்தான் அணிய வேண்டும் என்று உத்தரவு போட்டார்கள். 127 ஆண்டுகள் கழித்து போர்ட் டிக்சனில் மலாய்ப் பையன்களுக்குச் சீருடை வகுத்தபோது தலையில் சொங்கோக், இடுப்பில் சம்பின் என்று அவர்கள் வழக்கத்தையே சடங்கு உடையாக்கினார்கள். வேலூர்ப் பாடத்தை நினைத்துத்தான் அப்படிச் செய்தார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் வித்தியாசம் கண்ணில் படுகிறது.

அட்னானுக்கு வருவோம். சேர்ந்த மறு ஆண்டே, 1934இல், சிறந்த பயிற்சி வீரர் விருது. 1936இல் சார்ஜன். 1937இல் லண்டனில் ஆறாம் ஜார்ஜ் மன்னரின் முடிசூட்டு விழா. அங்கே அணிவகுக்க மலாய் ரெஜிமெண்ட் அனுப்பிய குழுவில் இவரும் ஒருவர். சுங்கை ராமல் பையன் இருபத்திரண்டு வயதில் லண்டன் தெருவில் நடந்திருக்கிறார். பிறகு கம்பெனி சார்ஜன் மேஜர். அதன்பின் சிங்கப்பூரில் அதிகாரிப் பயிற்சி, இரண்டாம் லெப்டினன் பதவி. முதலாம் பட்டாலியன், சி கம்பெனி, ஏழாம் பிளட்டூன் அவர் பொறுப்பில் வந்தது. கண்டிப்பானவர், அதிகம் பேசாதவர் என்றுதான் அவரைத் தெரிந்தவர்கள் நினைவுகூர்ந்திருக்கிறார்கள்.

1938இல் சோபியா என்ற சமய ஆசிரியையை மணந்தார். இரண்டு ஆண் குழந்தைகள் பிறந்தார்கள். 1941இல் சிங்கப்பூருக்கு மாற்றலானதும் பாசிர் பாஞ்சாங்கில் வீடு எடுத்துக் குடும்பத்தை அழைத்துக்கொண்டார். போர் வரப்போகிறது என்று தெரிந்ததும், டிசம்பர் தொடக்கத்தில் மனைவியையும் குழந்தைகளையும் காஜாங்குக்குத் திருப்பி அனுப்பினார். அப்போது சோபியா மூன்றாவது குழந்தையைச் சுமந்துகொண்டிருந்தார். அதற்குப் பிறகு அவர்கள் சந்திக்கவில்லை.

டிசம்பர் 8 அன்று ஜப்பானியர்கள் கோத்தா பாருவில் இறங்கினார்கள். ஜனவரி 11 அன்று கோலாலம்பூர் விழுந்தது. அதாவது அட்னான் சிங்கப்பூரில் காவல் நிற்கும்போதே அவர் மனைவி மக்கள் இருந்த காஜாங் எதிரியின் கைக்குப் போய்விட்டது. இந்த ஒரு விஷயத்தைப் பாடப்புத்தகத்தில் யாரும் எனக்குச் சொல்லவில்லை. ஜனவரி 31 அன்று ஜோகூர்ப் பாலத்தைத் தகர்த்துவிட்டு பிரிட்டிஷ் படைகள் தீவுக்குள் ஒடுங்கின. பிப்ரவரி 8 இரவு ஜப்பானியர்கள் தீவிலும் இறங்கிவிட்டார்கள்.

பாசிர் பாஞ்சாங் மேட்டுத்தொடரைக் காக்கும் பொறுப்பு முதலாம் மலாயா பிரிகேடுக்கு. அந்த வட்டாரத்திலேயே 44ஆம் இந்தியப் பிரிகேடும் இருந்தது. பிப்ரவரி 13 அன்று முத்தாகுச்சியின் 18ஆம் டிவிஷன் அங்கே மோதியது. பீரங்கி, விமானம், டாங்கி எல்லாம் அவர்கள் பக்கம். அன்று இரவு சி கம்பெனியைப் பின்னால் நகர்த்தி புக்கிட் சண்டுவில் நிறுத்தினார்கள். சண்டு என்றால் பதப்படுத்திய அபின். குன்றின் அடிவாரத்தில் அரசாங்கத்தின் அபின் தொழிற்சாலை இருந்ததால் வந்த பெயர். நம் தோட்டத் தொழிலாளிக்குக் கள்ளு, சீனத் தொழிலாளிக்கு அபின். இரண்டிலும் வருமானம் பார்த்த அரசாங்கத்தின் தொழிற்சாலைக்கு மேலே நின்று மலாய்ப் பையன்கள் சாகவேண்டி வந்தது. சரி, அது வேறு கட்டுரை.

அந்த இடம் ஏன் முக்கியம்? குன்றிலிருந்து பார்த்தால் தீவின் வடக்குப் பக்கம் தெரியும். அது விழுந்தால் அலெக்சாண்டிரா பக்கம் வழி திறந்துவிடும். அங்கேதான் ராணுவக் கிடங்குகளும் மருத்துவமனையும் இருந்தன. குன்றுக்குப் பின்னால் ஒரு பெரிய கால்வாய். நார்மன்டன் எண்ணெய்க் கிடங்கிலிருந்து வழிந்த எண்ணெய் அதில் எரிந்துகொண்டே ஓடியது. பின்வாங்க நினைத்தாலும் அந்தத் தீயைத் தாண்ட வேண்டும்.

14ஆம் தேதி பிற்பகல். பஞ்சாப் சிப்பாய்கள் போல உடையணிந்த ஓர் அணி குன்றை நோக்கி நடந்து வந்தது. இந்தியப் படைகள் பின்வாங்கிக்கொண்டிருந்த நேரம், யாருக்கும் சந்தேகம் வந்திருக்காது. அட்னானுக்கு வந்தது. பிரிட்டிஷ் முறையில் பயிற்சி பெற்றவர்கள் வரிசைக்கு மூவராக நடப்பார்கள். வந்தவர்கள் நால்வர் நால்வராக வந்தார்கள். அருகில் வரும்வரை பொறுத்திருந்து சுடச் சொன்னார். முன்னால் வந்தவர்கள் சரிந்தார்கள், மற்றவர்கள் சிதறினார்கள்.

இந்த இடத்தில் நான் நின்றுவிட்டேன். போர்ட் டிக்சன் மைதானத்தில் ஒன்பது ஆண்டுகள் நடந்து பழகிய நடை அது. அணிவகுப்பு என்பது வெறும் சடங்கு, சீருடை அமைப்பில் சனிக்கிழமை காலை வெயிலில் நம்மை வாட்டும் வேலை என்றுதான் பள்ளியில் நானும் நினைத்திருந்தேன். மூன்றா நான்கா என்று எண்ணிப் பார்க்கிற கண் ஒரு வாத்தியாருக்கு இருக்கும். இவர் வாத்தியாராகவும் இருந்தவர், சார்ஜன் மேஜராகவும் இருந்தவர்.

இரண்டு மணி நேரம் கழித்து ஜப்பானியர்கள் முழு பலத்தோடு வந்தார்கள். ஏழாம் பிளட்டூனில் இருந்தவர்கள் 42 பேர்தான். தோட்டா தீரத் தீரக் கையெறி குண்டு, பிறகு துப்பாக்கி முனைக் கத்தி, பிறகு கை. கம்பெனித் தலைவர் கேப்டன் ரிக்ஸ் கடைசி ஆள்வரை நிற்கச் சொல்லியிருந்தார், அவரும் அன்று இறந்தார். அட்னானுக்குப் பலத்த காயம். இருந்தும் லூயிஸ் துப்பாக்கியை விடவில்லை, தன் ஆட்களை விட்டு நகரவும் இல்லை. கடைசியில் பிடிபட்டார். ஜப்பானியர்கள் அவரைக் கத்தியால் குத்திக் கொன்றார்கள், உடலை மரத்தில் தலைகீழாகத் தொங்கவிட்டார்கள். இறந்தவர்களோடு இறந்தவராக அசையாமல் கிடந்து உயிர் தப்பிய கார்ப்பரல் யாக்கோப் பார்த்துச் சொன்னதால்தான் இது வெளியுலகுக்குத் தெரிந்தது. அட்னானுக்கு அப்போது வயது 26 அல்லது 27.

குன்று விழுந்த அதே பிற்பகலில் ஜப்பானியர்கள் அலெக்சாண்டிரா மருத்துவமனைக்குள் புகுந்து நோயாளிகளையும் ஊழியர்களையும் கொன்றார்கள். மறுநாள், பிப்ரவரி 15, சிங்கப்பூர் சரணடைந்தது. ஒரு நாள். இதைப் படித்தபோது எனக்குக் கோபம்தான் வந்தது. மறுநாள் வெள்ளைக்கொடி பிடிக்கப் போகிறவர்களுக்காக முந்தினநாள் 42 பேர் ஏன் நிற்க வேண்டும்? அவர்களுக்கு அது தெரியாது என்பதுதான் விடை. விடை தெரிந்தும் கோபம் தணியவில்லை.

சரணடைந்த பிறகும் மலாய் ரெஜிமெண்ட்டின் கணக்கு முடியவில்லை. சீருடையைக் கழற்றிவிட்டு ஜப்பானியர்களோடு சேர மறுத்த மலாய் அதிகாரிகள் சிலரை பிப்ரவரி இறுதியில் பெடோக்கில் கொண்டுபோய்ச் சுட்டார்கள். போர் முழுவதிலும் ரெஜிமெண்ட் இழந்தவர்கள் 159 பேர்: ஆறு பிரிட்டிஷ் அதிகாரிகள், ஏழு மலாய் அதிகாரிகள், மற்ற நிலையினர் 146 பேர். கடற்படையில் சேர்ந்திருந்த அட்னானின் தம்பி அகமதுவும் ஜப்பானியர்கள் கப்பலை மூழ்கடித்ததில் இறந்தார். இன்னொரு தம்பி அமாருல்லாவும் ராணுவத்தில்தான் இருந்தார், அவர் பிழைத்தார். மூன்று பிள்ளைகளையும் அனுப்பிவிட்டு ஒருவரைத் திரும்பப் பெற்றது சுங்கை ராமல் வீடு.

இதே வாரத்தில்தான் நம் கதையும் தொடங்குகிறது. பிப்ரவரி 17 அன்று சிங்கப்பூர் ஃபேரர் பார்க்கில் சுமார் 45,000 இந்தியப் போர்க்கைதிகளைத் திரட்டி ஜப்பானியர்களிடம் ஒப்படைத்தார்கள். கேப்டன் மோகன் சிங் அங்கே முதல் இந்திய தேசிய ராணுவத்துக்கு ஆள் கேட்டார். ஆயிரக்கணக்கானோர் சேர்ந்தார்கள், ஆயிரக்கணக்கானோர் மறுத்தார்கள். மறுநாளும் மறுவாரமும் ஒரே தீவில், ஒரே வெயிலில், ஒரே எதிரியின் முன் நின்ற சிப்பாய்கள் எடுத்த முடிவுகள் வேறு வேறு. என் கட்டுரையின் முதல் வடிவத்தில் யார் செய்தது சரி என்று தீர்ப்புச் சொல்லப் பார்த்தேன். விரிவுரையாளர் அந்தப் பத்தியைச் சிவப்பு மையால் வட்டமிட்டிருந்தார். எடுத்துவிட்டேன். அட்னானுக்குக் கப்பலேறிப் போக வேறு நாடு இல்லை, காஜாங்தான் இருந்தது. நேதாஜியின் பின்னால் போன நம் தோட்டத்து இளைஞர்களுக்கு இங்கே சொந்தமென்று ஒரு கைப்பிடி மண்கூட இல்லை, தூரத்து நாடு ஒன்றுதான் தங்களுடையது என்று தோன்றியது. அவரவர் நின்ற இடத்திலிருந்து பார்த்தார்கள் என்பதற்கு மேல் இருபது வயதில் எனக்கு ஒன்றும் சொல்லத் தெரியவில்லை.

வெள்ளைக்காரனுக்காகச் செத்தவர் என்று நான் முதலில் நினைத்தது மட்டும் மாறிவிட்டது. அந்தப் படையைக் கேட்டு வாங்கியவர்கள் சுல்தான்கள். மலாய்க்காரனால் முடியுமா என்று சந்தேகப்பட்டவர்கள் வெள்ளையர்கள். ஒன்பதே ஆண்டு வயதான அந்தப் படை, பயிற்சியும் பாரம்பரியமும் மிக்க படைகள் கலைந்து ஓடிக்கொண்டிருந்த வாரத்தில் இடத்தைவிட்டு நகராமல் நின்றது. சோதனை என்று பெயர் வைத்தவர்களுக்கு அதைவிடத் தெளிவான பதில் தேவையில்லை.

அட்னானுக்குக் கல்லறை இல்லை. கிராஞ்சி போர் நினைவிடத்துச் சுவரில் பெயர் இருக்கிறது. புக்கிட் சண்டுவில் ஒரு பழைய பங்களாவை 2002இல் நினைவு நிலையமாக்கியிருக்கிறார்கள். இங்கே 2000இல் அவர் கதையைப் படமாக எடுத்தார்கள். ஓய்வுநாளில் போர்ட் டிக்சனுக்குக் குளிக்கப் போகிறவர்கள் அங்குள்ள ராணுவ அரும்பொருளகத்துக்குள்ளும் ஒரு மணி நேரம் நுழையலாம். கடல் எங்கும் போய்விடாது.

காஜாங்கில் சோபியா மூன்றாவதாகப் பெற்ற பெண் குழந்தை நிலைக்கவில்லை. இரண்டு மகன்களை வைத்துக்கொண்டு ஜப்பானியர் காலத்தைக் கடந்தார். கணவரைப் பற்றிப் பிள்ளைகளிடம் அதிகம் பேசவில்லை. 1949இல் அவரும் இறந்துவிட்டார். அப்போது அந்தப் பையன்களுக்குப் பத்து வயதை ஒட்டி இருக்கும்.

கட்டுரையை முடித்த வாரம் கிள்ளானுக்குப் போனபோது பாட்டியிடம் இந்தக் கதையைச் சொன்னேன். பாட்டி 1941இல் பிறந்தவர், ஏறக்குறைய அட்னானின் பிள்ளைகள் வயது. குன்று, கால்வாய், நால்வர் வரிசை எல்லாவற்றையும் கையை ஆட்டி ஆட்டிச் சொன்னேன். பாட்டி வெங்காயம் உரித்துக்கொண்டே கேட்டார். சண்டையைப் பற்றி ஒரு கேள்வியும் கேட்கவில்லை. அந்த அம்மாள் பிள்ளைகளுக்கு என்ன போட்டாள், மரவள்ளிக்கிழங்கா என்று மட்டும் கேட்டார். எனக்குத் தெரியவில்லை என்றேன். வேறென்ன இருந்தது அப்போது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு, தன் அம்மா கிழங்கை அவித்து மூன்று பேருக்குப் பங்கு வைத்த விதத்தைச் சொல்ல ஆரம்பித்தார். அதுவரை எங்கள் யாரிடமும் அவர் அதைச் சொன்னதில்லை. நான் கைப்பேசியைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்தேன்.